தண்டல் எழுதிய சம்மதக் கடிதம்

குவைத்திலிருந்து அந்தத் தபால் வந்தபோது நான் தோணியைக் கரையேற்றிவிட்டு வீட்டுக்கு வந்து இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. எழுபதுகளின் நடுப்பகுதி. தூத்துக்குடியில் புதுத் துறைமுகம் திறந்து, பெரிய கப்பல்கள் கரையை ஒட்டியே வந்து நிற்கத் தொடங்கியிருந்த காலம். நான் பழைய துறைமுகத்துக்காரன். கொழும்புக்கு வெங்காயமும் வத்தலும் கூரை ஓடும் ஏற்றிக்கொண்டு பாய் விரித்துப் போகிற தோணி ஒன்றுக்குத் தண்டல். தண்டல் என்றால் அந்தத் தோணிக்குத் தலைவன். கரை மறைந்துவிட்டால் காற்றைத் தவிர யாரும் அவனுக்கு உத்தரவு போட முடியாது. அந்தத் திமிர் எனக்குக் கொஞ்சம் உண்டு என்று என் மனைவி சொல்லுவாள். கொஞ்சமல்ல, நிறையவே உண்டு.

மேற்கிலிருந்து கச்சான் காற்று பலமாக அடிக்கிற மாதங்களில் எங்கள் தோணிகள் ஓடுவதில்லை. வைகாசிக் கடைசியில் கரையேற்றினால் ஆவணிக் கடைசியில்தான் மறுபடி தண்ணீரில் இறக்குவோம். வருஷத்தில் அந்த மூன்று மாதம்தான் நானும் அவளும் சேர்ந்தாற்போல ஒரு வீட்டில் இருப்போம். நடுநடுவே இரண்டு நாள், மூன்று நாள் வந்துபோவதையெல்லாம் குடும்பம் நடத்தினோம் என்று சொல்ல முடியாது. பிள்ளைகள் எங்களுக்கு இல்லை. அதைப் பற்றி ஊர் பேசியதே போதும், நான் வேறு பேச வேண்டியதில்லை.

அவள் ஊரில் ஓர் ஆஸ்பத்திரியில் நர்ஸ். ஆபரேஷன் தியேட்டரில் வேலை. அந்தத் தை மாதம், குவைத்துக்கு நர்ஸ் எடுக்கிறார்கள், மெட்ராசில் இன்டர்வியூ, போய்வரட்டுமா என்று என்னிடம் கேட்டாள். போயிட்டு வா என்று சொல்லிவிட்டுக் கொழும்புக்குக் கிளம்பினேன். பெரிய மனசு பண்ணிச் சொன்னதாக நினைத்துவிட வேண்டாம். எங்கே கிடைக்கப் போகிறது என்ற நினைப்பில் சொன்னது. இவளுக்குக் கிடைத்துவிட்டது.

இரண்டு வருஷ வேலை. ஆடி முடிவதற்குள் மெட்ராஸ் ஏஜென்சியில் காகிதங்களைக் கொடுத்துவிட வேண்டும். அந்தக் காகிதங்களில் ஒன்று, கணவர் தம் கைப்பட எழுதிய சம்மதக் கடிதம். அவள் எல்லாவற்றையும் வாசித்துக் காட்டிவிட்டு, மேஜைமேல் வைத்து, பறக்காமல் இருக்க மேலே ஒரு சங்கை வைத்தாள்.

"இஞ்ச பாருங்க. ஒங்களுக்கு மனசு இருந்தா எழுதித் தாங்க. இல்லியா, எழுத வேண்டாம். நான் போகல. அதுக்காகப் பின்னால ஒரு நாளும் ஒங்களக் கொற சொல்ல மாட்டேன். ஆனா மனசில்லாம மட்டும் எழுதித் தந்துராதிய."

இப்படி ஒருத்தி சொன்னால் மனுஷன் என்ன செய்வான்? அழுது அடம்பிடித்திருந்தால் நானும் கத்தித் தீர்த்திருப்பேன். என்னைக் கேட்காமல் முடிவு செய்திருந்தால் அதையே சாக்காக வைத்து நிறுத்தியிருப்பேன். அவள் தராசை என் கையில் கொடுத்துவிட்டு வெள்ளைச் சேலையைக் கட்டிக்கொண்டு டியூட்டிக்குப் போய்விட்டாள்.

"ஏளா, ஒனக்கு அங்கன என்ன கொட்டிக் கெடக்கு?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"கொழும்பு அப்படி இருக்கும், இப்படி இருக்கும்னு பன்னண்டு வருசமா நீங்க சொல்லிக் கேட்டாச்சி. நானும் ஒரு ஊரப் பாத்துட்டு வந்து ஒங்களுக்குச் சொல்ல வேண்டாமா? அதோட, அங்கன உள்ள தியேட்டர்ல என்னென்ன மிஷின் வச்சிருக்கான்னு படம் போட்டு அனுப்பியிருக்கான். எனக்கு அதைத் தொட்டுப் பாக்கணும்" என்றாள்.

அந்த 'தொட்டுப் பாக்கணும்' எனக்குப் புரிந்தது. புதுத் தோணி ஒன்று கட்டி இறக்கினால், அது யாருடையதாக இருந்தாலும் அதன் சுக்கானை ஒரு தடவை பிடித்துப் பார்க்காமல் நான் வீடு திரும்பினதில்லை. ஆனால் புரிந்தது என்று அவளிடம் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு ஒரு மாதம் நான் வீட்டில் செய்யாத வேலை கிடையாது. உடைந்த ஓடு மாற்றினேன். கதவுக் கீலுக்கு எண்ணெய் விட்டேன். ஜன்னல்களுக்கு, தோணிக்கு வாங்கியதில் மிஞ்சிய பச்சைப் பெயின்ட் அடித்தேன். கிணற்றுக் கயிற்றை மாற்றினேன். கடிதத்தை மட்டும் எழுதவில்லை. அவள் பின்னேரம் வந்து, எது புதிதாக ஆகியிருக்கிறது என்று பார்ப்பாள். "நல்லா இருக்கு" என்பாள். அவள் பார்வை மேஜைப் பக்கம் போகாது. போகவில்லை என்பதற்காகவும் எனக்குக் கோபம் வந்தது.

வெளியே மட்டும் நான் வேறு ஆள். துறைமுக வாசல் டீக்கடையில் ஒருத்தர், "என்ன தண்டல், ஒம்ம வீட்டம்மா சீமைக்குப் போறாவளாமே? நீரு சோறு வடிக்கப் படிச்சிட்டீரா?" என்று எல்லோர் முன்னாலும் கேட்டார்.

"எம் பொண்டாட்டி ஆகாசத்துல போறா வே. ஒம்ம பொண்டாட்டிய மொதல்ல ஆறுமுகநேரிக்குத் தனியா பஸ் ஏறச் சொல்லும்" என்றேன். கடை முழுக்கச் சிரித்தது. நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வீட்டுக்கு வந்தவன், வாசலில் செருப்பைக் கழற்றும்போதே மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டேன். ஊருக்குக் காட்டிய பெருமையில் ஒரு துளிகூட அவளுக்குக் காட்டாதவன் நான். இதை இப்போது எழுதும்போது வெட்கமாகத்தான் இருக்கிறது.

என் அக்கா அடுத்த தெருவில் இருந்தாள். அவளுக்கு விஷயம் தெரிந்ததும் நேரே என்னிடம் வந்து நின்றாள்.

"ஏலே, நீ கடல்ல இருந்து வரும்போது வீடு பூட்டிக் கெடக்குமே, அத நெனச்சுப் பாத்தியா? போகாதன்னு ஒரு வார்த்த சொன்னா நின்னுருவா. ஒனக்கு வாயில என்ன கொழுக்கட்டையா?"

"அவ போனா ஒனக்கென்ன?" என்றேன் எரிச்சலோடு.

"எனக்கென்ன? ஒன் மூஞ்சியப் பாரு. எழவு வீட்டுல இருக்கவன் மாதிரி இருக்க" என்று சொல்லிவிட்டுப் போனாள். அக்கா சொன்னதில் பொய்யில்லை. பூட்டிய வீடு என் கண்முன்னாலேயே நின்றது. பன்னிரண்டு வருஷமாக நான் எந்த நாளில் எந்த நேரத்தில் வந்து கதவைத் தட்டினாலும் உள்ளேயிருந்து 'வாரேன்' என்று ஒரு சத்தம் கேட்கும். அந்தச் சத்தம் இல்லாமல் எப்படிக் கரையேறுவது என்று எனக்குத் தெரியவில்லை. அவள் போவதில் என் பயம் அவ்வளவுதான். அதை ஒப்புக்கொள்ளத்தான் மனசு வரவில்லை.

ஆடி பிறந்தது. இனியும் தள்ளிப்போட முடியாது என்று ஒரு நாள் காலையில் உட்கார்ந்து கடிதத்தை எழுதினேன். நான் எட்டாவது வரை படித்தவன். கையெழுத்து நன்றாக இருக்கும். ஆனால் அதுவரை நான் எழுதிப் பழகியது ஒரே வகைக் காகிதம்தான். தோணியில் சரக்கு ஏற்றியதும் தண்டல் ஒரு சீட்டு எழுதித் தர வேண்டும். என்ன சரக்கு, எத்தனை மூடை, எந்த நிலையில் ஏற்றினோம், எந்த நிலையில் இறக்கித் தருவோம் என்று எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். எனக்குத் தெரிந்த மரியாதையான எழுத்து அது. அதனால் இப்படி எழுதினேன்:

'என் மனைவி ஒருவர். வயது முப்பத்து மூன்று. நல்ல நிலையில், யாதொரு குறைவும் சேதாரமும் இல்லாமல் தங்கள் வசம் அனுப்பி வைக்கப்படுகிறார். வழியில் மழை, வெயில் படாமல் கொண்டு சேர்க்கவும். இரண்டு வருடம் முடிந்ததும் இதே நிலையில் தூத்துக்குடியில் திரும்ப ஒப்படைக்க வேண்டியது. இதற்கு என் சம்மதம். தண்டல்.'

வாசித்துப் பார்த்தபோது எனக்குத் திருப்தியாகவே இருந்தது. ஒரு சொல் கூடுதல் குறைவு இல்லை. எந்த வியாபாரியும் குறை சொல்ல முடியாத சீட்டு.

அவள் டியூட்டி முடிந்து வந்து, கையைக் கழுவிவிட்டு, ஜன்னலோரம் நின்று வாசித்தாள். முதலில் சிரித்தாள். தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தாள்.

"நான் என்ன வெங்காய மூடையா? மழை படாம கொண்டு போகச் சொல்லியிருக்கிய?"

நானும் சிரித்துவைத்தேன். அப்படியே போயிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும். அவள் மறுபடி ஒரு தடவை வாசித்தாள். இந்தத் தடவை சிரிப்பு வரவில்லை.

"இதுல நான் போறது எங்கன இருக்கு? திரும்பி வாரதத்தான் எழுதியிருக்கிய. நீங்க கடலுக்குப் போகும்போது எப்ப வருவியன்னு நான் கேட்டா, கேக்கக் கூடாது, போற காரியம் கெட்டுப் போகும்னு சட்டம் போட்டது யாரு? பன்னண்டு வருசத்துல நான் ஒரு தடவ கேட்டிருக்கேனா? நான் போவும் முன்னாலயே நீங்க தேதி போட்டுக் கேக்கிய."

"கேட்டா என்ன தப்பு? ஒம் புருசன்தான?" என்று கத்தினேன்.

அவள் கத்தவில்லை. காகிதத்தை நாலாக மடித்து என் கையிலேயே கொடுத்தாள். "மனசில்லாம எழுத வேண்டாம்னு அன்னைக்கே சொன்னேன். நாளைக்கு ஏஜென்சிக்கு எழுதிப் போட்டுருதேன், நான் வரலன்னு" என்றாள். பிறகு அடுப்பைப் பற்ற வைத்து, எனக்குப் பிடித்த சாளை மீன் குழம்பு வைத்தாள். அந்தக் குழம்பு எப்படி இருந்தது என்று எனக்கு ஞாபகமில்லை. கோபத்தில் வைத்திருந்தால்கூட ருசித்துச் சாப்பிட்டிருப்பேன்.

நான் ஜெயித்துவிட்டேன். வீடு பூட்டப்படாது. மறுநாள் தோணியடிக்குப் போனபோது அந்த ஜெயம் என் கூடவே வந்தது, செருப்பில் புகுந்த கல்லைப் போல.

அன்று எங்கள் தோணியின் பாய்மரத்தைத் தூக்கிச் சரிபார்க்கிற வேலை. பத்துப் பேர் கயிறு பிடித்தோம். மரம் ஒரு பக்கமாக உருண்டது. எங்கள் தச்சரின் வலது கை, மரத்துக்கும் கட்டைக்கும் நடுவில் மாட்டிக்கொண்டது. இழுத்து எடுத்தபோது இரண்டு விரல்கள் பார்க்கவே சகிக்காமல் நசுங்கியிருந்தன. என் வேட்டியைக் கிழித்துச் சுற்றி, அவரைக் குதிரை வண்டியில் தூக்கிப் போட்டுக்கொண்டு அவள் வேலை செய்யும் ஆஸ்பத்திரிக்கே பறந்தேன்.

பன்னிரண்டு வருஷத்தில் அவளை வேலை செய்யும்போது நான் பார்த்தது அன்றுதான். அவள் ஓடி வந்தாள். என்னைப் பார்த்தாள், ஆனால் என்னைப் பார்த்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

"அவர இங்கன படுக்க வைங்க. நீங்க வெளிய நில்லுங்க."

வேறு யாராவது அப்படி என்னை விரட்டியிருந்தால் நடந்திருப்பதே வேறு. நான் மறுபேச்சில்லாமல் வெளியே வந்து, அரைக் கதவுக்கு மேலாக எட்டிப் பார்த்துக்கொண்டு நின்றேன். டாக்டர் சின்ன வயசுக்காரர். விரல்களைப் பார்த்துவிட்டு, இரண்டையும் எடுத்துவிட வேண்டியதுதான் என்றார். தச்சர் பெரிதாக ஒரு சத்தம் போட்டார். விரல் போன தச்சர் என்ன தச்சர்?

அவள் தலையைக் குனிந்து, அந்த விரல் நுனிகளைத் துடைத்து, நகத்தை அழுத்திப் பிடித்து விட்டாள். மறுபடி அழுத்தினாள். "டாக்டர், நகத்த அமுக்கி விட்டா செவப்பு திரும்ப வருது. ரத்தம் ஓடுது. கொஞ்சம் பாருங்க" என்றாள். சத்தமே இல்லாத குரல். ஆனால் டாக்டர் கையில் எடுத்த கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் குனிந்து பார்த்தார். அதற்குப் பிறகு அந்த அறைக்குள் யார் தண்டல் என்று எனக்குச் சந்தேகமே இல்லை. அவர் தைத்தார். எதைக் கொடு, எதைப் பிடி என்று கேட்பதற்கு முன்னால் அது அவர் கைக்கு வந்தது. நடுவில் தச்சரிடம் அவர் மகள் கல்யாணத்தைப் பற்றி வேறு விசாரித்துக்கொண்டிருந்தாள். இரண்டு விரலும் கையோடு தங்கின.

கடல் கொந்தளிக்கும்போது பதறாமல் சுக்கான் பிடிக்கிற ஆட்களை நான் பார்த்திருக்கிறேன். கொழும்பு வரையில் தேடினாலும் நாலைந்து பேர் தேறலாம். அப்படி ஒருத்தி என் வீட்டில் எனக்குச் சாளைக் குழம்பு வைத்துக்கொண்டிருந்திருக்கிறாள். எனக்குப் பெருமையாக இருந்தது. இவளைப் போய் நான் கதவு திறக்க ஆள் வேண்டும் என்று நிறுத்தி வைத்திருக்கிறேன்.

வீட்டுக்கு வந்து மறுபடி எழுத உட்கார்ந்தேன். நாலு தாள் கிழிந்தது. அவள் வந்ததும், ஏஜென்சிக்கு வரவில்லை என்று எழுதிப் போட்டாயா என்று கேட்டேன். இன்னும் இல்லை என்றாள். "போட வேண்டாம். இதப் போடு" என்று ஐந்தாவது தாளைக் கொடுத்தேன். அதில் இருந்தது இது:

'ஐயா, இவர் என் மனைவி. நேற்று வரை இவர் நர்ஸ் வேலை பார்க்கிறார் என்று மட்டும் எனக்குத் தெரியும். என்ன வேலை பார்க்கிறார் என்று இன்றுதான் தெரிந்தது. எங்கள் தச்சரின் இரண்டு விரல்கள் இவரால் இருக்கின்றன. நான் கடலில் பலருடைய கையை நம்பிப் போயிருக்கிறேன். இவர் கையைப் போல ஒன்றைப் பார்த்ததில்லை. இவர் போவது எங்கள் ஊருக்கு நஷ்டம். அங்கே இவர் வருவது உங்கள் அதிர்ஷ்டம். இவரை நன்றாகப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று எழுத மாட்டேன், தன்னைப் பார்த்துக்கொள்ள இவருக்கே தெரியும். இவர் சொல்வதைக் கேட்டு நடந்துகொள்ளுங்கள்.'

அவள் வாசித்துவிட்டுத் தலையை நிமிர்த்தினாள். "நகத்த அமுக்கினதையெல்லாம் நின்னு பாத்தியளா?" என்று மட்டும் கேட்டாள்.

"பாத்தேன். ஏளா, நீ போ. போயி அந்த மிஷினத் தொட்டுப் பாரு. எனக்கு ஒன்ன விட்டுட்டு இருக்கதுக்குப் பயமாத்தான் இருக்கு. அது என் பாடு. நீ போகாம இருந்தா எனக்கு அசிங்கமா இருக்கும்" என்றேன். இவ்வளவு நீளமாக அவளிடம் நான் அதற்கு முன் மனசைத் திறந்து பேசியதில்லை. அவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். நானும் அழுதேன்.

மெட்ராஸ் ரயிலில் இரண்டு பேரும் போனோம். அங்கே காகிதங்களைக் கொடுத்துவிட்டால், அன்றைக்கே மற்ற நர்ஸ்களோடு பம்பாய்க்கு ரயில், பிறகு விமானம். ஏஜென்சி ஆபீஸில் ஒரு கிளார்க் ஒவ்வொரு காகிதமாகப் பார்த்து டிக் அடித்துக்கொண்டே வந்தார். என் கடிதத்தில் பேனா நின்றுவிட்டது. முழுவதும் வாசித்தார்.

"சார், ரொம்ப நல்லா எழுதியிருக்கீங்க. ஆனா இதுல சம்மதம்ங்கற வார்த்தையே இல்லையே. 'எனக்குச் சம்மதம்'னு கீழே எழுதிக் கொடுத்துடுங்க. இல்லேன்னா இது செல்லாது."

எனக்கு வந்தது பாருங்கள் கோபம். எவ்வளவு பாடுபட்டு எழுதிய கடிதம்!

"இவ்வளவு சொன்ன பெறகு சம்மதம் வேறயா? கல்யாணமாகிப் பன்னண்டு வருசமா நான் கடலுக்குப் போறேன். பொண்டாட்டிகிட்ட சம்மதக் கடுதாசி வாங்கிட்டு வாரும்னு எந்தத் தொறமொகத்துலயாவது என்னைக் கேட்டிருக்காவளா?"

சொல்லி முடித்த பிறகுதான் எனக்கே உறைத்தது. துறைமுகத்துக்காரர்களை விடுங்கள், நான் அவளிடம் சம்மதம் கேட்டிருக்கிறேனா? காற்று திரும்பிவிட்டது, நாளைக்குப் போகிறேன் என்று சொல்லுவேன். அவள் பையில் துணி எடுத்து வைப்பாள். அவ்வளவுதான். கிளார்க் அவளைப் பார்த்தார்.

அவள் அவரிடம் ஒரு வெள்ளைத் தாள் வாங்கினாள். நின்றவாறே மேஜையில் வைத்து எழுதினாள். எழுதி, கீழே கையெழுத்துப் போட்டு, என் பக்கம் திருப்பி நகர்த்தினாள்.

'என் கணவர் தோணித் தண்டல். ஆவணியில் அவர் கடலுக்குப் போக வேண்டும். அவர் போவதில் எனக்கு முழுச் சம்மதம். இதுவரை யாரும் கேட்காததால் எழுதித் தரவில்லை.'

"இப்ப ஒங்களுத எழுதுங்க" என்றாள்.

நான் பேனாவை வாங்கி, என் கடிதத்தின் அடியில் 'இவர் போவதில் எனக்கும் முழுச் சம்மதம்' என்று எழுதினேன். கிளார்க் அதை எடுத்துக் கோப்பில் வைத்துவிட்டு, அவள் எழுதிய தாளுக்கும் கையை நீட்டினார். அது எனக்கு எழுதியது என்று சொல்லி, மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.